செக் வழக்கில் வாய்தாவுக்குப் போகாததால் எதிரி விடுதலை: மேல்முறையீடு குறித்து அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

காசோலை திரும்பிய வழக்குகளைப் புகார்தாரர் தரப்பில் நடத்தும் வழக்கறிஞர்கள் எல்லோரும் கேட்டுப் பழகிய ஒரு வாசகம் உண்டு: "சார், வாய்தாவுக்குப் போக முடியல, கேஸைத் தள்ளிட்டாங்களாம்." அதைத் தொடர்ந்து வரும் சந்தேகங்களும் பெரும்பாலும் ஒன்றே என்பதால், அவற்றைக் கேட்டவர்களின் சொற்களிலேயே இங்கே தொகுத்திருக்கிறேன். சட்டப் பிரிவுகள் இந்தியா முழுமைக்கும் பொதுவானவை; நடைமுறை விவரங்கள் தமிழ்நாட்டு நீதிமன்றங்களைச் சார்ந்தவை. காசோலை கொடுத்தவரை நம் நீதிமன்ற வழக்கப்படி எதிரி என்றே குறிப்பிடுகிறேன்.

1. விசாரணையே முடியவில்லை. நான் ஒரு நாள் வரவில்லை என்பதற்காக எதிரியை எப்படி விடுதலை செய்ய முடியும்?

சட்டம் அதற்கு இடம் தருகிறது. மாற்றுமுறை ஆவணச் சட்டத்தின் 138-வது பிரிவின்படி தொடரப்படும் வழக்கு, அழைப்பாணை வழக்கு என்ற வகையைச் சேர்ந்தது. எதிரிக்கு அழைப்பாணை அனுப்பப்பட்ட பிறகு, அவர் ஆஜராக வேண்டிய நாளிலோ அதற்குப் பின் ஒத்திவைக்கப்பட்ட எந்த நாளிலோ புகார்தாரர் வரவில்லை என்றால், மாஜிஸ்திரேட் எதிரியை விடுதலை செய்ய வேண்டும் என்று 1973-ஆம் ஆண்டின் குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் (இனி பழைய சட்டம்) 256-வது பிரிவு சொல்கிறது. 2024 ஜூலை 1 முதல் நடைமுறைக்கு வந்த பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவில் (இனி புதிய சட்டம்) இதற்கு இணையானது 279-வது பிரிவு.

ஆனால் அதே பிரிவுக்குள் இரண்டு வாசல்கள் திறந்தே இருக்கின்றன. ஏதேனும் காரணத்தால் வழக்கை வேறொரு நாளுக்கு ஒத்திவைப்பது பொருத்தம் என்று மாஜிஸ்திரேட் கருதினால் ஒத்திவைக்கலாம். புகார்தாரருக்காக வழக்கறிஞர் ஆஜராகியிருந்தாலோ, அன்றைய தினம் புகார்தாரர் நேரில் இருக்க வேண்டிய அவசியம் இல்லை என்று தோன்றினாலோ, அவர் இல்லாமலேயே வழக்கை நடத்தலாம். இந்த இரண்டையும் மாஜிஸ்திரேட் எண்ணிப் பார்த்தாரா என்பதுதான் பின்னால் மேல்முறையீட்டில் முதன்மையான கேள்வியாக வரும்.

2. உத்தரவில் "புகார் தள்ளுபடி" என்றுதான் எழுதியிருக்கிறது. "விடுதலை" என்ற சொல்லே இல்லை. அப்படியானால் மேல்முறையீடா, சீராய்வா?

எழுதப்பட்ட சொல்லைவிட, வழக்கு எந்தக் கட்டத்தில் இருந்தது என்பதே முக்கியம். எதிரிக்கு அழைப்பாணை போன பிறகு, புகார்தாரர் வராத காரணத்துக்காக வழக்கு முடிக்கப்பட்டிருந்தால், "தள்ளுபடி" என்று எழுதியிருந்தாலும் சட்டத்தின் பார்வையில் அது விடுதலைதான்; அதற்குரிய வழி மேல்முறையீடு.

அழைப்பாணை அனுப்புவதற்கு முன்பே, அதாவது புகாரைக் கோப்பில் எடுக்கும் கட்டத்திலேயே தள்ளுபடி ஆகியிருந்தால், அங்கே விடுதலை பெறுவதற்கு எதிரி என்று யாருமே இல்லை. அதற்கு சீராய்வு மனுவே (கீழ் நீதிமன்ற உத்தரவு சட்டப்படி சரியா என்று மேல் நீதிமன்றத்தைப் பார்க்கக் கோரும் மனு) வழி. பழைய சட்டத்தின் 397-வது பிரிவு, புதிய சட்டத்தின் 438-வது பிரிவு. மேல்முறையீடு செய்ய வழியுள்ள இடத்தில் அதைச் செய்யாமல் சீராய்வு கேட்டு வருபவரின் மனுவை ஏற்கக் கூடாது என்று சட்டமே சொல்கிறது. தவறான நம்பிக்கையில் அப்படிப் போட்டுவிட்டால், நீதியின் பொருட்டு அதை மேல்முறையீடாகவே கருதி விசாரிக்கும் அதிகாரம் உயர் நீதிமன்றத்துக்கு உண்டு. ஆனால் அது நீதிமன்றம் விரும்பினால் தரும் சலுகை. அதை நம்பி வழியைத் தேர்ந்தெடுக்கக் கூடாது.

3. அதே மாஜிஸ்திரேட்டிடமே போய்க் காரணத்தைச் சொல்லி, கேஸைத் திரும்பக் கோப்பில் எடுக்கச் சொல்ல முடியாதா?

முடியாது. சிவில் வழக்கு ஆஜராகாமையால் தள்ளுபடியானால் 30 நாளுக்குள் அதே நீதிமன்றத்தில் மீட்பு மனு போடலாம். அந்தப் பழக்கத்தில்தான் பலர் இதையும் கேட்கிறார்கள். குற்றவியல் நீதிமன்றம், கையெழுத்திட்ட தன் இறுதி உத்தரவை எழுத்துப் பிழையோ கணக்குப் பிழையோ திருத்துவதற்கு அன்றித் தொடவே கூடாது. பழைய சட்டத்தில் இது 362-வது பிரிவு, புதியதில் 403. ஆஜராகாமையால் தள்ளுபடியான புகாரை மீட்டெடுக்கும் அதிகாரம் மாஜிஸ்திரேட்டுக்கு இல்லை என்று உச்ச நீதிமன்றம் 1986-லேயே தெளிவாகச் சொல்லிவிட்டது.

இதில் இழப்பது நாட்களைத்தான். மீட்பு மனு ஒன்றைத் தாக்கல் செய்து, அது எண்ணிடப்படாமல் திரும்பி, மறுபடி சமர்ப்பித்து, இறுதியில் நிராகரிக்கப்படுவதற்குள் மேல்முறையீட்டுக்கான காலம் கரைந்துபோன வழக்குகள் ஏராளம். மாஜிஸ்திரேட்டின் மேல் எவ்வளவு நல்லெண்ணம் இருந்தாலும், அவரால் செய்ய முடியாததை அவரிடம் கேட்பதில் பயனில்லை.

4. அப்படியானால் அதே செக்கை வைத்துப் புதிதாக ஒரு கேஸ் போட்டுவிடலாமே?

அதுவும் நடக்காது. விடுதலை என்ற உத்தரவு நடைமுறையில் இருக்கும் வரை, அதே குற்றத்துக்காக ஒருவரை மீண்டும் விசாரிக்கத் தடை உண்டு. அதோடு, வங்கியிலிருந்து காசோலை திரும்பியதற்கான தகவல் வந்த 30 நாளுக்குள் அறிவிப்பு, அறிவிப்பைப் பெற்ற பின் 15 நாள் அவகாசம், அது முடிந்த ஒரு மாதத்துக்குள் புகார் என்ற காலச் சங்கிலியும் எப்போதோ அறுந்திருக்கும்.

5. மேல்முறையீட்டை எங்கே போடுவது? ஒரு வக்கீல் ஹைகோர்ட் என்கிறார், இன்னொருவர் செஷன்ஸ் கோர்ட் என்கிறார். யார் சொல்வது சரி?

இருவர் சொல்வதிலும் சட்டம் இருக்கிறது. புகார் வழியாக வந்த வழக்கில் விடுதலை கிடைத்தால், புகார்தாரர் உயர் நீதிமன்றத்தில் முதலில் சிறப்பு அனுமதி பெற்று, பிறகு மேல்முறையீடு செய்ய வேண்டும் என்பது பழைய சட்டத்தின் 378-வது பிரிவின் 4-வது உட்பிரிவு. புதிய சட்டத்தில் 419-வது பிரிவின் 4-வது உட்பிரிவு. நெடுங்காலம் செக் வழக்குகளுக்கு இதுவே வழியாக இருந்தது. சென்னையிலோ, தென் மாவட்டங்களுக்கென 2004-ல் தொடங்கிய மதுரைக் கிளையிலோ அனுமதி மனு தாக்கலாகும். அனுமதி கிடைத்த பின்னரே மேல்முறையீட்டுக்கு எண் விழும்.

2009-ஆம் ஆண்டின் இறுதியில் நடைமுறைக்கு வந்த ஒரு திருத்தம், குற்றத்தால் பாதிக்கப்பட்டவர் என்பவருக்குத் தனியாக மேல்முறையீட்டு உரிமையைத் தந்தது. பழைய சட்டத்தின் 372-வது பிரிவின் வரம்புரையாக (பிரிவின் பொது விதிக்கு விலக்குச் சொல்லும் பகுதி) அது சேர்க்கப்பட்டது. இன்று அது புதிய சட்டத்தின் 413-வது பிரிவில் இருக்கிறது. செக் வழக்கின் புகார்தாரர் இந்தப் பொருளில் பாதிக்கப்பட்டவரா என்ற கேள்விக்கு, சென்னை உயர் நீதிமன்றத்திலிருந்து மேலே சென்ற செலஸ்டியம் பைனான்ஷியல் வழக்கில் உச்ச நீதிமன்றம் 2025 ஏப்ரலில் விடை சொன்னது. நீதிபதிகள் பி.வி. நாகரத்னா, சதீஷ் சந்திர சர்மா அமர்வு, காசோலை திரும்பியதால் பண இழப்புக்கு ஆளான புகார்தாரர் பாதிக்கப்பட்டவரே என்றும், அவர் சிறப்பு அனுமதி கேட்டுக் காத்திராமல் அந்த வரம்புரையின்படி நேரடியாக மேல்முறையீடு செய்யலாம் என்றும் தீர்ப்பளித்தது. அந்த மேல்முறையீடு, தண்டனை விதிக்கப்பட்டிருந்தால் எந்த நீதிமன்றத்துக்குப் போயிருக்குமோ அங்கே போகும். மாஜிஸ்திரேட் உத்தரவு என்றால் அமர்வு நீதிமன்றம்: மாவட்டங்களில் மாவட்ட அமர்வு நீதிமன்றம், சென்னையில் உயர் நீதிமன்ற வளாகத்திலேயே உள்ள முதன்மை அமர்வு நீதிமன்றம்.

அந்த வழக்கில் விடுதலை, ஆஜராகாமையால் வந்தது அல்ல என்ற வாதத்தை எதிர்த்தரப்பு எழுப்பக்கூடும். ஆனால் வரம்புரையின் சொற்கள், எதிரியை விடுதலை செய்யும் எந்த உத்தரவையும் குறிக்கும் அளவுக்கு விரிவானவை. 256-வது பிரிவின் உத்தரவும் விடுதலை உத்தரவே என்பதை 2-வது கேள்வியில் பார்த்தோம். பயணம், செலவு, அனுமதி என்ற கூடுதல் படி ஆகியவற்றை எண்ணிப் பார்த்தால், இன்றைய நிலையில் பெரும்பாலோருக்கு அமர்வு நீதிமன்றமே பொருத்தம் என்பது என் கருத்து.

6. எத்தனை நாளுக்குள் போட வேண்டும்?

உயர் நீதிமன்றத்தில் சிறப்பு அனுமதி கேட்பதென்றால், விடுதலை உத்தரவின் தேதியிலிருந்து 60 நாள். புகார்தாரர் அரசு ஊழியராக, அந்தப் பொறுப்பில் புகார் செய்திருந்தால் மட்டும் 6 மாதம். நாள் எண்ணுவது உத்தரவின் தேதியிலிருந்து. உங்களுக்குத் தெரிந்த தேதியிலிருந்து அல்ல. சான்றிட்ட நகலுக்கு மனு செய்து, அது தயாராகும் வரை ஆன நாட்களைக் கழித்துக்கொள்ளலாம்.

பாதிக்கப்பட்டவர் என்ற முறையில் அமர்வு நீதிமன்றத்துக்குப் போகும் மேல்முறையீட்டுக்கு, அந்த வரம்புரையில் கால வரம்பு எதுவும் எழுதப்படவில்லை. எழுதப்படவில்லை என்பதால் காலமே கிடையாது என்று எடுத்துக்கொள்வது ஆபத்து. மாஜிஸ்திரேட்டின் தண்டனையை எதிர்த்து எதிரி மேல்முறையீடு செய்ய உள்ள 30 நாளையே தமக்கும் வரம்பாக வைத்துக்கொள்பவருக்குப் பின்னால் எந்தத் தலைவலியும் வராது. 30 கடந்திருந்தால், தேவையில்லை என்று தோன்றினாலும் தாமதத்தை மன்னிக்கும் மனு ஒன்றையும் சேர்த்தே போடுவது நல்லது.

7. எனக்கு விஷயமே நான்கு மாதம் கழித்துத்தான் தெரிந்தது. இனி ஒன்றும் செய்ய முடியாதா?

செய்ய முடியும். காலவரையறைச் சட்டத்தின் 5-வது பிரிவின்படி, போதிய காரணம் காட்டினால் தாமதத்தை மன்னிக்க நீதிமன்றத்துக்கு அதிகாரம் உண்டு. சிறப்பு அனுமதி மனுவுக்கும் அந்தப் பிரிவு பொருந்தும் என்பதை உச்ச நீதிமன்றம் 1970-களிலேயே தீர்த்துவைத்துவிட்டது.

ஆனால் "தெரியாது" என்ற ஒற்றைச் சொல் எடுபடாது. இன்று எந்த வழக்கின் நிலையையும் அதன் சி.என்.ஆர். எண்ணை (ஒவ்வொரு வழக்குக்கும் தரப்படும் தனி அடையாள எண்) இட்டு இ-கோர்ட்ஸ் செயலியில் பார்த்துக்கொள்ள முடியும் என்பது எதிர்த்தரப்பு வழக்கறிஞருக்கும் தெரியும், நீதிபதிக்கும் தெரியும். எனவே எப்போது, யார் மூலம் தெரிந்தது, தெரிந்த நாளிலிருந்து மனுப்போட்ட நாள் வரை என்னென்ன செய்யப்பட்டது என்று வரிசையாகச் சொல்லும் பிரமாண வாக்குமூலம் வேண்டும். முதல் நான்கு மாதத்துக்குக் காரணம் சொல்லிவிட்டு, தெரிந்த பிறகு கழிந்த மூன்று வாரத்துக்குக் காரணம் சொல்லாத மனுக்களே அதிகம் அடிபடுகின்றன.

8. சரி, முதல் வேலையாக நான் என்ன செய்ய வேண்டும்?

நகல் மனு. உத்தரவுக்கு மட்டும் அல்ல. வழக்கு கோப்பில் எடுக்கப்பட்ட நாள் முதல் தள்ளுபடியான நாள் வரை ஒவ்வொரு வாய்தாவிலும் எழுதப்பட்ட குறிப்புகள் அனைத்துக்கும் நகல் கேட்க வேண்டும். பலர் கடைசி உத்தரவின் ஒற்றைப் பக்கத்தை மட்டும் வாங்கிக்கொண்டு வந்துவிடுகிறார்கள். அந்தப் பக்கத்தில் இருப்பது ஏறக்குறைய எப்போதும் ஒரே வாசகம்தான்: "புகார்தாரர் அழைக்கப்பட்டார், இல்லை. அவர் தரப்பில் யாரும் ஆஜராகவில்லை. மனு எதுவும் இல்லை. எனவே புகார் தள்ளுபடி செய்யப்பட்டு எதிரி விடுதலை செய்யப்படுகிறார்." இதைப் படிக்கும் எவருக்கும் புகார்தாரர் மேல் இரக்கம் வராது.

முந்தைய பக்கங்களில்தான் கதை இருக்கிறது. "எதிரி ஆஜராகவில்லை, மனு அனுமதி" என்று ஆறு வாய்தா, "குறுக்கு விசாரணைக்கு எதிரி தரப்பில் அவகாசம் கேட்கப்பட்டது" என்று நான்கு வாய்தா, "நீதிபதி விடுப்பு" என்று மூன்று, அத்தனையிலும் "புகார்தாரர் ஆஜர்" என்று இருக்குமானால், மேல்முறையீட்டில் பாதி வேலை அங்கேயே முடிந்துவிட்டது. அந்தக் குறிப்புகளை வாய்தா தேதி, யார் ஆஜர், யாருக்காக ஒத்திவைப்பு என்று மூன்று பத்திகளில் ஒரு பக்கப் பட்டியலாக்கி, மேல்முறையீட்டு மனுவுடன் இணைப்பது நல்லது.

9. அன்று எனக்குக் காய்ச்சல். டாக்டர் சர்டிபிகேட் இருக்கிறது. அது போதும்தானே?

போதும் என்று சொல்ல மாட்டேன். இந்த வகை மேல்முறையீட்டில் எல்லோரும் அந்த ஒரு நாளைப் பற்றியே பேச விரும்புகிறார்கள். நீதிமன்றமோ முழு வழக்கையும் பார்க்கிறது. இதற்கான அளவுகோலை உச்ச நீதிமன்றம் அசோசியேட்டட் சிமெண்ட் நிறுவனம் தொடுத்த செக் வழக்கில், 1998-ஆம் ஆண்டுத் தீர்ப்புத் தொகுப்பில் வெளியான தீர்ப்பில் வகுத்தது. புகார் கொடுத்துவிட்டு வராமல் எதிரியை அலைக்கழிப்பவரிடமிருந்து எதிரியைக் காப்பதற்கே 256-வது பிரிவு இருக்கிறது. ஆயினும் புகார்தாரர் இல்லை என்றவுடன் இயந்திரம்போல விடுதலை செய்துவிட முடியாது. அன்றைய வழக்கு நடவடிக்கைக்கு அவர் நேரில் இருப்பது உண்மையிலேயே தேவைதானா, ஒத்திவைப்பதே பொருத்தமா என்று மாஜிஸ்திரேட் தம் மனத்தைச் செலுத்தியிருக்க வேண்டும் என்பது அதன் சாரம்.

ஆகவே மேல்முறையீட்டில் மூன்று கேள்விகளுக்கு விடை இருக்க வேண்டும். அன்று வழக்கு எதற்காகப் போடப்பட்டிருந்தது? அதுவரை புகார்தாரரின் வருகை எப்படி இருந்தது? மாஜிஸ்திரேட் ஏதேனும் காரணம் எழுதினாரா? மருத்துவச் சான்று இவற்றுக்குத் துணையாக வரும்போது பலன் தரும். தனியாக நின்றால் பலவீனமானது. தள்ளுபடிக்குப் பல வாரம் கழித்து எழுதி வாங்கிய சான்று, புகார்தாரர் வசிக்கும் ஊருக்குத் தொடர்பில்லாத ஓர் ஊரின் மருத்துவரிடமிருந்து வந்தது என்றால், அதைக் காட்டாமல் இருப்பதே மேல். மருந்துக்கடை ரசீது, ஆய்வக அறிக்கை, மருத்துவமனை வெளியேற்றச் சுருக்கம் போன்றவை அந்தத் தேதியிலேயே பிறந்தவை என்பதால் அவற்றுக்கு மதிப்பு அதிகம்.

மறுபக்கத்தையும் சொல்லியாக வேண்டும். பல வாய்தாக்கள் தொடர்ந்து வராமல், சாட்சியும் விசாரிக்காமல் இழுத்தடித்த புகார்தாரர் தரப்புக்கு உயர் நீதிமன்றம் காட்டிய சலுகையை 2008-ல் உச்ச நீதிமன்றம் ரத்து செய்து, விடுதலையை உறுதிப்படுத்தியிருக்கிறது. தொடர்ச்சியாக நான்கைந்து வாய்தா வராதவர், கடைசி நாளுக்கு மட்டும் காரணம் சொன்னால் இதே முடிவுதான்.

10. என் முதல் விசாரணையும் (சாட்சியாக நான் சொல்ல வேண்டியதைச் சொல்வது) முடிந்து, ஆவணங்களும் சான்றாக எண்ணிடப்பட்டுக் குறியீடாகிவிட்டன. அதன் பிறகும் நான் வரவில்லை என்று தள்ளலாமா?

இது மிக வலுவான மேல்முறையீட்டுக் காரணம். பி.எல்.எஸ். இன்ஃப்ராஸ்ட்ரக்சர் வழக்கில் 2023-ல் உச்ச நீதிமன்றம், புகார்தாரர் ஏற்கெனவே சாட்சியாக விசாரிக்கப்பட்டுவிட்ட நிலையில், அவர் வராமையை மட்டும் காரணமாக்கி எதிரியை விடுதலை செய்தது பொருத்தமற்றது என்று கூறி, வழக்கை மீண்டும் கோப்புக்கு எடுக்கச் செய்தது. சாட்சியம் கோப்பில் இருக்கும்போது மாஜிஸ்திரேட் அதை வைத்துத் தகுதியின் அடிப்படையில் முடிவு செய்யலாம் அல்லவா என்பதே தர்க்கம். 138 வழக்கில் முதல் விசாரணைக்குப் பதிலாகப் பிரமாண வாக்குமூலம் ஏற்கப்படுவதால், அது தாக்கலாகி ஆவணங்கள் குறியீடான நாளின் குறிப்பை 8-வது கேள்வியில் சொன்ன பட்டியலில் தனியாகக் காட்டுங்கள்.

ஒரு வேறுபாடு உண்டு: அன்றைய வாய்தா உங்களைக் குறுக்கு விசாரணை செய்வதற்காகவே போடப்பட்டு, எதிரியின் வழக்கறிஞர் தயாராக நின்றிருந்தார் என்றால் இந்த வாதத்தின் கூர்மை குறையும்.

11. எதிரியே வரவில்லை, அவர் மேல் பிடிவாரண்ட் நிலுவையில் இருந்தது. அப்போது கூடவா?

கூடாது என்று வாதிடலாம், பெரும்பாலும் எடுபடும். எதிரியைப் பிடித்துக் கொண்டுவருவது காவல்துறையின் வேலை. புகார்தாரர் அன்று வந்து நின்றிருந்தாலும் வழக்கு ஓர் அங்குலம் நகர்ந்திருக்காது என்பதால், அவருடைய வருகை "தேவையானது" என்ற அடிப்படையே இல்லை. ஆனால் பிடிவாரண்டுக்கான படிக்காசு, அதாவது அதை நிறைவேற்றுவதற்கான கட்டணம், கட்டாமல் விட்டதாலோ, எதிரியின் புதிய முகவரியைத் தராததாலோ வழக்கு தேங்கியிருந்தால், அந்தப் பழி உங்கள் மேல் திரும்பும். கட்டிய ரசீதைத் தேடி எடுத்து வைத்துக்கொள்ளுங்கள்.

12. நான் வக்கீலை நம்பினேன். அவர் போகவில்லை. அவர் செய்ததற்கு நான் ஏன் தண்டனை அனுபவிக்க வேண்டும்?

வழக்கறிஞரின் தவறுக்காகக் கட்சிக்காரர் தண்டிக்கப்படக் கூடாது என்ற கொள்கையை உச்ச நீதிமன்றம் 1981-ல் ஒரு சிவில் வழக்கில் எடுத்துரைத்தது. இங்கும் அது சொல்லப்படுகிறது. ஆனால் அது மந்திரம் அல்ல. வழக்கறிஞரோடு தொடர்பில் இருந்தீர்கள் என்பதைக் குறுஞ்செய்தி, அழைப்புப் பதிவு போன்றவற்றால் காட்ட முடியுமானால் பலன் உண்டு. பழைய வழக்கறிஞரைத் திட்டுவதற்கென்றே இரண்டு பக்கம் ஒதுக்கும் மேல்முறையீட்டு மனுக்கள் நல்ல எண்ணத்தை உண்டாக்குவதில்லை.

வர முடியாத நாளில் "256 மனு" என்று நம் நீதிமன்றங்களில் வழங்கும், வராமையை அன்று ஒரு நாள் மன்னிக்கக் கோரும் மனுவை வழக்கறிஞர் தாக்கல் செய்திருந்தாரா என்று பாருங்கள். செய்திருந்தும் அதை நிராகரிக்கக் காரணம் எழுதாமல் விடுதலை செய்யப்பட்டிருந்தால், 1-வது கேள்வியில் சொன்ன இரண்டாவது வாசல் உங்களுக்காகவே திறந்திருக்கிறது. வழக்கறிஞர்களின் நீதிமன்றப் புறக்கணிப்பு அறிவிக்கப்பட்ட நாளென்றால் புகார்தாரர் தாமே போய் நின்று, கூப்பிடும்போது குரல் கொடுப்பதே பாதுகாப்பு. புறக்கணிப்பு என்பது சட்டம் ஏற்ற காரணம் அல்ல.

13. நாங்கள் ஒரு கம்பெனி. கேஸை நடத்திய மேனேஜர் வேலையை விட்டுப் போய்விட்டார். அதனால்தான் யாரும் போகவில்லை.

நிதி நிறுவனங்கள், சீட்டு நிறுவனங்கள் ஆகியவற்றில் இது வாடிக்கையாக நடக்கிறது. நிறுவனத்துக்காக முதலில் வாக்குமூலம் கொடுத்தவரே இறுதிவரை வர வேண்டும் என்று நீதிமன்றம் வற்புறுத்தக் கூடாது, வேறு அலுவலர் வரலாம் என்று அசோசியேட்டட் சிமெண்ட் வழக்கே சொல்கிறது. ஆகவே மேலாளர் போய்விட்டார் என்பது முழுமையான விளக்கமாகாது. அவருக்குப் பதில் இன்னொருவரை நியமிக்க ஏன் தாமதம் என்பதுதான் கேள்வி. பணிவிலகல் கடிதம், புதியவருக்கு அதிகாரம் அளித்த தீர்மானம் ஆகியவற்றின் தேதிகள் ஒன்றுக்கொன்று அருகில் இருந்தால் நல்லது. மேல்முறையீட்டில் கையெழுத்திடுபவருக்கும் அத்தகைய அதிகாரக் கடிதம் தேவை என்பதை மறந்து, நகலோடு மட்டும் வருபவர்கள் பலர்.

தனிநபர்களும் வெளிநாட்டில் வேலை என்றால் பொது அதிகாரம் பெற்றவரை வைத்து நடத்தலாம். பரிவர்த்தனையை நேரில் அறிந்தவராக அவர் இருந்தால் சாட்சியமும் சொல்லலாம் என்பது உச்ச நீதிமன்றத்தின் 2013-ஆம் ஆண்டுத் தீர்ப்பு.

14. புதிய சட்டத்தில் 30 நாள் அவகாசம் கொடுத்த பிறகே விடுதலை செய்ய வேண்டும் என்கிறார்களே? எனக்குத் தரவில்லை.

279-வது பிரிவில் அப்படி ஒரு சொற்றொடர் சேர்க்கப்பட்டிருக்கிறது: புகார்தாரர் ஆஜராவதற்கு 30 நாள் அவகாசம் கொடுத்த பின்னரே விடுதலை. உங்கள் வழக்குக்கு அந்தப் பிரிவு பொருந்துமானால், அவகாசம் தராமல் அன்றே பிறப்பித்த விடுதலை உத்தரவை எதிர்க்க இதைவிட எளிய காரணம் வேறில்லை.

பொருந்துமா என்பதுதான் நுட்பம். 2024 ஜூலை 1-க்கு முன்பே நிலுவையில் இருந்த விசாரணைகள் பழைய சட்டத்தின்படியே தொடர வேண்டும் என்று புதிய சட்டத்தின் 531-வது பிரிவு காப்பாற்றி வைத்திருக்கிறது. ஆகவே 2021-ல் கோப்பில் எடுக்கப்பட்ட வழக்கு 2025-ல் தள்ளுபடியாகியிருந்தால், அதற்கு 256-வது பிரிவே அளவுகோல். அதில் 30 நாள் இல்லை. அப்போதும், நாடாளுமன்றமே பின்னாளில் அவகாசம் தேவை என்று கருதியது என்பதைக் கூடுதல் வாதமாகச் சொல்லலாம். முதன்மை வாதமாக வைக்கக் கூடாது. மேல்முறையீட்டு மனுவின் தலைப்பில் பழைய, புதிய பிரிவு எண்கள் இரண்டையும் எழுதிவிடுவது பல அலுவலக ஆட்சேபங்களைத் தவிர்க்கும்.

15. கேஸ் போட்டவர் என் அப்பா. அவர் இறந்துவிட்டார், கேஸ் இருப்பதே எங்களுக்குத் தெரியாது. நாங்கள் மேல்முறையீடு செய்யலாமா?

செய்யலாம். பாதிக்கப்பட்டவர் என்பதன் விளக்கத்திலேயே சட்டப்படியான வாரிசும் அடங்குகிறார். இறப்புச் சான்று, வாரிசுச் சான்று ஆகியவற்றோடு, எங்களைப் புகார்தாரர் இடத்தில் சேர்க்க வேண்டும் என்ற மனுவும் போட வேண்டும். மரணத்தால் வராமல் போனாலும் 256-வது பிரிவு பொருந்தும் என்று அதன் 2-வது உட்பிரிவு சொல்வதால், இறந்துவிட்டார் என்பதாலேயே உத்தரவு செல்லாது என்று எண்ண வேண்டாம். 9-வது கேள்வியில் குறிப்பிட்ட 2008-ஆம் ஆண்டு வழக்கிலும் புகார்தாரர் இறந்து வாரிசுகள் உள்ளே வந்தவர்களே. வந்த பிறகும் அவர்கள் வழக்கை நடத்தவில்லை என்பதே அவர்களுக்கு எதிராகப் போனது.

16. செக் வழக்கு அப்பீலுக்கு 20 சதவீதம் கட்ட வேண்டும் என்றார்கள். நானா கட்ட வேண்டும்?

இல்லை. மாற்றுமுறை ஆவணச் சட்டத்தின் 148-வது பிரிவின் அந்த 20 சதவீதம், தண்டனையை எதிர்த்து மேல்முறையீடு செய்யும் எதிரிக்கு உரியது.

ஆனால் பலர் கவனிக்காத எதிர்த்திசைக் கடமை ஒன்று உண்டு. விசாரணையின்போது அதே சட்டத்தின் 143ஏ பிரிவின்படி எதிரியிடமிருந்து இடைக்கால இழப்பீடு வாங்கியிருந்தால், எதிரி விடுதலையானதும் அந்தத் தொகையை ரிசர்வ் வங்கி அறிவிக்கும் வங்கி வட்டி வீதத்தில் வட்டியுடன் 60 நாளுக்குள் திருப்பித் தருமாறு நீதிமன்றம் உத்தரவிட வேண்டும். போதிய காரணம் இருந்தால் மேலும் 30 நாள் வரை நீட்டிக்கலாம். அத்தகைய உத்தரவு இருந்தால், மேல்முறையீட்டோடு அதை நிறுத்திவைக்கும் மனுவையும் சேர்த்துத் தாக்கல் செய்ய வேண்டும்.

17. மேல்முறையீட்டில் ஜெயித்தால் பணம் கிடைத்துவிடுமா?

கிடைக்காது. வழக்கு விட்ட இடத்துக்குத் திரும்பும், அவ்வளவுதான். விடுதலை ரத்தாகி, மாஜிஸ்திரேட் நீதிமன்றம் அதே கட்டத்திலிருந்து விசாரணையைத் தொடர வேண்டும் என்று உத்தரவாகும். எதிரிக்கோ சட்டப்பணிகள் ஆணைக்குழுவுக்கோ ஒரு தொகை செலவாகக் கட்ட வேண்டும் என்ற நிபந்தனையும், குறிப்பிட்ட மாதத்துக்குள் விசாரணையை முடிக்க வேண்டும் என்ற கெடுவும் அடிக்கடி சேர்ந்து வரும். அந்தச் செலவுத் தொகையைச் சொன்ன தேதிக்குள் கட்டி, ரசீதை மாஜிஸ்திரேட் நீதிமன்றத்தில் காட்டத் தவறினால், கஷ்டப்பட்டு வாங்கிய உத்தரவு தானாகவே செயலற்றுப் போகும்படி எழுதப்பட்டிருக்கலாம். உத்தரவின் கடைசிப் பத்தியை இரண்டு முறை படியுங்கள்.

18. இதெல்லாம் வேண்டாம், சிவில் கேஸ் போட்டுப் பணத்தை வாங்கிக்கொள்கிறேன். முடியுமா?

காலவரையறைக்குள் இருந்தால் முடியும். ஆஜராகாமையால் வந்த விடுதலை, கடனே இல்லை என்று எந்த நீதிமன்றமும் முடிவு செய்ததாக ஆகாது. ஆனால் பணம் வசூலுக்கான பொதுவான வரம்பு மூன்று ஆண்டு. செக் வழக்கு அதைவிட நீண்டிருந்தால் கதவு ஏற்கெனவே மூடியிருக்கும். செக் வழக்கு நடந்த காலம் இந்தக் கணக்கிலிருந்து தானாகக் கழியாது. இன்னும் காலம் இருந்தால் இரண்டையும் ஒருசேர நடத்தத் தடையில்லை.

19. மேல்முறையீடு போட்டதும் எதிரி சமரசத்துக்கு வருகிறார். புதிதாகச் செக் தருகிறேன், கேஸை வாபஸ் வாங்குங்கள் என்கிறார். வாங்கலாமா?

138 குற்றம் எந்தக் கட்டத்திலும் சமரசத்துக்கு உரியது. மாற்றுமுறை ஆவணச் சட்டத்தின் 147-வது பிரிவு அதை அனுமதிக்கிறது. ஆனால் மேல்முறையீட்டை வாபஸ் பெற்ற மறுகணமே விடுதலை உத்தரவு நிலைத்துவிடும். அதன் பிறகு அந்தப் பழைய காசோலைக்கு உயிர் இல்லை.

புதிய காசோலையும் திரும்பினால் என்ன என்பதற்கு கிம்பெக்ஸ் வழக்கில் 2021-ல் உச்ச நீதிமன்றம் விடை சொல்லியிருக்கிறது: சமரச உடன்படிக்கையின்படி கொடுத்த காசோலை திரும்பினால் அது புதிய வழக்குக்குக் காரணமாகும், பழைய காசோலை வழக்கையும் புதியதையும் இணையாக ஓட்ட முடியாது. அதாவது மீண்டும் அறிவிப்பு, மீண்டும் புகார், மீண்டும் வாய்தா. எனவே முழுத்தொகையும் கணக்கில் வரவாகும் வரை மேல்முறையீட்டை நிலுவையில் வைத்து, தவணைத் தேதிகளைக் கூட்டுக் குறிப்பாணையாக எழுதி நீதிமன்றத்தில் தாக்கல் செய்து, கடைசித் தவணை வந்த பின் முடித்துக்கொள்ளுங்கள். மக்கள் நீதிமன்றத்தில் முடிப்பதென்றால் அங்கே எழுதப்படும் தீர்ப்பு சிவில் நீதிமன்ற ஆணையாகவே கருதப்படும். தவணை தவறினால் நேரே நிறைவேற்று மனு போடலாம்.